திரையிசை கேள்வி-பதில்: பாதி வேகத்தில் ஒரு வயலின்

கேள்வி: 'அண்டர் தி ஸ்கின்' படத்தின் வயோலா (வயலினைவிடச் சற்றே பெரிய தந்தி வாத்தியம்) ஒலியில் மயங்கி, என் குறும்படத்துக்காக வயலினைப் பதிவுசெய்து பாதி வேகத்தில் ஓட்டினேன். கம்பளிக்குள் வைத்து வாசித்தது போல மந்தமாக இருக்கிறது. என்ன தவறு?
– வாசகர், மதுரை

பதில்: 2013-இல் வெளியான அந்தப் படம்தான் இசையமைப்பாளர் மைக்கா லெவியின் முதல் திரையிசை. வயோலாவைப் பதிவுசெய்து, வேகத்தையும் சுருதியையும் மாற்றிப் பெற்ற ஒலிகள் அதில் உண்டு.

நீங்கள் 48 கிலோஹெர்ட்ஸில், அதாவது விநாடிக்கு 48,000 முறை ஒலியை அளந்து, பதிவுசெய்திருப்பீர்கள். அதில் பாதியான 24 கிலோஹெர்ட்ஸ் வரைதான் ஒலி அடங்கும். பாதி வேகத்தில் எல்லாமே ஒரு ஸ்தாயி இறங்குவதால் அந்த உச்சி 12-க்கு வந்துவிடும். அதற்கு மேலே வெறுமை. 96-இல் பதிவுசெய்யுங்கள். மைக்கும் 20 கிலோஹெர்ட்ஸைத் தாண்டிப் பிடிக்க வேண்டும். சிறிய டயாஃப்ரம் கண்டென்சர் மைக்குகளில் அப்படிப்பட்டவை கிடைக்கும். வில்லைக் குதிரைக்கு (தந்திகளைத் தாங்கும் மரத்துண்டு) ஒட்டி இழுங்கள். அங்கே எழும் கீச்சொலிதான் இறங்கிய பிறகு நாதத்துக்குக் கூர்மை தரும்.

அறையின் எதிரொலியும் இரு மடங்காகும்: அரை விநாடி நீடிப்பது ஒரு விநாடி நீடிக்கும். ஜமுக்காளம் தொங்கவிட்டு, மைக்கை ஒன்றரை அடிக்குள் வையுங்கள். மின்விசிறியைக் கட்டாயம் நிறுத்துங்கள்.

இரண்டு பதிவுகளின் சுருதியைச் சற்றே பிசகவிட்டு அடுக்கும்போதும் இதே கணக்குதான். 440, 446 ஹெர்ட்ஸ் சேர்ந்தால் ஒலி விநாடிக்கு 6 முறை ஏறி இறங்கும், அதாவது 6 துடிப்பு. பாதி வேகத்தில் 3. வேண்டிய துடிப்பைப் போல இரு மடங்கு பிசகு வைத்துப் பதிவுசெய்யுங்கள். இதை மறந்தால் அந்த நடுக்கம் சோம்பிப் போகும்.

கேள்வி: மிக்சிங்கில் என் இசை படத்தை முந்துகிறது, சுருதியும் ஏறியிருக்கிறது. ஏன்?
– வாசகி, கோவை

பதில்: நேரத்தை அளந்து பாருங்கள். 60 விநாடித் துண்டு 55-இல் முடிந்தால், 44.1 கிலோஹெர்ட்ஸ் கோப்பை 48 என்று எண்ணி ஓட்டியிருக்கிறார்கள். சுருதி ஏறக்குறைய ஒன்றரை அரைச்சுரம் ஏறும். 57.6-இல் முடிந்தால், விநாடிக்கு 24 பிரேம் ஓடும் படத்துக்கான இசையை 25-க்கு வேகப்படுத்தியிருக்கிறார்கள்.

எல்லாவற்றையும் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வேவ் கோப்பாகக் கொடுங்கள். படம் தொடங்க 2 விநாடி முன்னும், முடிந்து 2 விநாடி கழித்தும் ஒரு பிரேம் நீளத்துக்கு 'பீப்' வையுங்கள். முன் பீப் பொருந்திப் பின் பீப் விலகினால் வேகக் கோளாறு. இரண்டும் ஒரே அளவு விலகினால் வைத்த இடம்தான் தவறு.

கேள்வி: இயக்குநர் என் இசையில் பாதியை வெட்டிவிட்டார். படம் தாங்குமா?
– வாசகர், சென்னை

பதில்: தாங்கும். லெவி இசையமைத்த 'தி ஸோன் ஆஃப் இன்டரஸ்ட்' (2023) படத்தில் இசை முக்கியமாக இருண்ட திரையோடு வரும் தொடக்கத்திலும் முடிவிலும்தான். நடுவே ஆஷ்விட்ஸ் வதைமுகாமின் மதிலுக்கு அப்பாலிருந்து வரும் சத்தங்களே பேசுகின்றன. சிறந்த ஒலிக்கான ஆஸ்கரும் அந்தப் படத்துக்குக் கிடைத்தது.

ஆனால் ஒரே ஸ்டீரியோ கோப்பாகக் கொடுத்திருந்தால் இயக்குநருக்கு வெட்டுவதைத் தவிர வழியில்லை. தந்தி, தாளம், அடியொலி என்று தனித்தனி ஸ்டெம்களாக, எல்லாம் ஒரே இடத்தில் தொடங்கும்படி கொடுங்கள். வசனத்தை மறைப்பது பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள் இருக்கும் அடுக்குதான். அதை மட்டும் எடுத்துவிட்டு அடியொலியை ஓடவிடச் சொல்லிப் பாருங்கள்.