பொண்ணு ஜப்பான் அனிமேஷன் கம்பெனிக்குத்தான் போவேன்னு நிக்கிறா, என்ன பண்றதுன்னு கேட்ட திருப்பூர் அக்காவுக்கு

அக்கா, நேத்து போன்ல நீங்க பேசினது இன்னும் காதுலயே இருக்குங்க. காமர்ஸ் குரூப், மார்க்கும் நல்லா வரும், சிஏ படிக்க வெச்சிடலாம்னு நீங்களும் அண்ணனும் நெனச்சிருக்க, இவ திடீர்னு அனிமேஷன்தான் படிப்பேன், ஜப்பான்ல அந்தக் கம்பெனிலதான் வேலைக்குச் சேருவேன்னு ரெண்டு நாளா சரியா சாப்பிடாம இருக்கான்னு சொன்னீங்க, அந்தக் கம்பெனி பேரே எங்க வாயில நுழையல, இதுல சோறு கிடைக்குமான்னு கேட்டீங்க. நீங்க அனுப்பின போட்டோவப் பெருசு பண்ணிப் பார்த்தேன். அக்கவுண்டன்சி நோட்டோட கடைசிப் பக்கம் பூரா கண்ணு, வேற ஒண்ணுமே இல்ல, பெரிய பெரிய கண்ணா ஒரு இருபது இருபத்தஞ்சு இருக்கும்.

அவ சொல்ற கம்பெனி கியோட்டோ அனிமேஷன். பசங்க கியோஆனின்னு சுருக்கிச் சொல்லுவாங்க. சேர்த்து விடுங்க, வேண்டாம்னு எதையும் சொல்றதுக்கு முன்னாடி அந்தக் கம்பெனி எப்படி ஆரம்பிச்சு எப்படி வளந்துச்சுன்னு சொல்லிடறேன். உங்களுக்கு இது சீக்கிரம் புரியும், ஏன்னா அடுத்தவங்க ஆர்டரக் கூலிக்குச் செஞ்சு குடுக்கிற ஜாப் ஒர்க்னா என்ன, பீஸுக்கு இவ்வளவுன்னு கூலி வாங்குற பீஸ் ரேட்னா என்னன்னு திருப்பூர்ல இருக்கிறவங்களுக்கு யாரும் வகுப்பெடுக்க வேண்டியதில்ல.

யோகோ ஹட்டான்னு ஒரு அம்மா. டோக்கியோல முஷி புரொடக்‌ஷன்னு ஒரு ஸ்டூடியோல படத்துக்குக் கலர் அடிக்கிற வேலை பார்த்தவங்க. ஒசாமு தெசுகான்னு பேர் போன காமிக்ஸ் ஓவியர் ஆரம்பிச்ச ஸ்டூடியோ அது, 1963ல ஜப்பான் டிவில வாரா வாரம் அரை மணி நேர அனிமேஷன்னு பழக்கமாக்கிவிட்டது அவங்கதான், ஆனா ரொம்பக் கம்மி ரேட்டுக்கு ஒத்துக்கிட்டு செஞ்சாங்க, 1973ல திவாலாயிடுச்சு. யோகோ கல்யாணமாகி கியோட்டோ பக்கம் உஜிங்கிற ஊருக்கு வந்துட்டாங்க. டீக்குப் பேர் போன சின்ன ஊரு, டோக்கியோல இருந்து நானூறு கிலோமீட்டருக்கு மேல, அனிமேஷன் ஸ்டூடியோ எல்லாம் இருக்கிறதோ டோக்கியோல. கைல தொழில் இருக்கு, ஊர்ல வேலை இல்ல. 1981ல அக்கம்பக்கத்து வீட்டுப் பொண்ணுங்களைக் கூட்டி வெச்சு அதே கலர் அடிக்கிற வேலையை ஜாப் ஒர்க்கா எடுத்து செய்ய ஆரம்பிச்சாங்க. நம்ம ஊர்ல வீட்டு முன் ரூம்ல ரெண்டு மிஷினைப் போட்டுத் தொடங்குறாங்க இல்லைங்களா, அதேதான்.

அந்த வேலை எப்படின்னு கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்க. செல்லுன்னு ஒரு கண்ணாடி மாதிரி ஷீட்டு. பென்சில்ல போட்ட கோட்டை அதோட முன் பக்கம் ஏத்தி, ஷீட்டைத் திருப்பிப் போட்டுப் பின் பக்கம்தான் பெயிண்ட் அடிப்பாங்க, அப்பதான் முன்னால பாக்கும்போது பிரஷ் தடம் தெரியாம வழவழன்னு இருக்கும், கோடும் மறையாது. முடிக்கு ஒரு கலர், முடியோட நிழலுக்கு ஒரு கலர், ஒண்ணு காயணும் அப்புறம் அடுத்தது, அடுத்த ஷீட்லயும் அதே கலர் அதே இடத்துல இம்மி பிசகாம வரணும், இல்லைன்னா ஓட்டிப் பாக்கும்போது சட்டை நடுங்குற மாதிரி பளிச்சுன்னு தெரிஞ்சிடும். அரை மணி நேர எபிசோட் ஒண்ணுக்கு இப்படி மூவாயிரம் நாலாயிரம் படம். விரல் ரேகை ஒண்ணு பட்டாக்கூட கேமரா காட்டிக் குடுத்துடும்.

இப்படி அடுத்தவங்க படத்துக்கு வேலை செஞ்சே, 1985ல கம்பெனியாப் பதிவு பண்ணினாங்க, யோகோவோட வீட்டுக்காரர் ஹிதேயாகி ஹட்டா முதலாளியா பொறுப்பெடுத்தார். கலர்ல ஆரம்பிச்சவங்க மெதுவா வரையற வேலையையும் கத்துக்கிட்டு எடுத்தாங்க, பெரிய ஸ்டூடியோக்கெல்லாம் செஞ்சு குடுத்தாங்க, படம் முடிஞ்சு பேர் ஓடும்போது எங்கயோ ஒரு வரில இவங்க பேர் வரும். தாங்களே தலைமையேத்து ஒரு டிவி தொடர முழுசா செஞ்சது 2003லதான். கணக்குப் போட்டீங்கன்னா இருபத்திரெண்டு வருஷம். உங்க பொண்ணுகிட்ட மொதல்ல இதைச் சொல்லுங்க, அவ பாக்கறது 2006ல ஹாருஹி சுசுமியா தொடர் வந்து ஜப்பானே திரும்பிப் பாத்ததையும், 2009ல கே-ஆன் தொடர் வந்ததையும், 2016ல எ சைலன்ட் வாய்ஸ் படம் உலகம் பூரா ஓடினதையும்தான், அதுக்கு முன்னால இருந்த இருபத்திரெண்டு வருஷம் அவ கண்ணுக்குத் தெரியாது.

இப்ப சம்பளம். நீங்க கேட்டதே அதைத்தான். ஜப்பான்ல அனிமேட்டர்னா கோடி கோடியா சம்பாதிப்பாங்கன்னு பசங்க நெனக்கிறாங்க, நெசம் அது இல்லைங்க. அங்க நெறைய பேர் ஃப்ரீலான்ஸ், பீஸ் ரேட்டு. புதுசா சேர்றவங்க ஒரு அசைவோட தொடக்கத்துக்கும் முடிவுக்கும் நடுவுல வர்ற, இன்பிட்வீன்னு சொல்ற படங்கள வரைவாங்க, ஒரு படத்துக்கு சுமார் 200 யென்னு சொல்லுவாங்க, நம்ம காசுக்கு நூறு ரூபாய்க்கு மேல கொஞ்சம். கேக்க பரவால்ல போலத் தோணும், ஆனா ஒரு படத்த ஒழுங்கா முடிக்க எவ்வளவு நேரம் ஆகும், டோக்கியோ வாடகை என்னன்னு பாருங்க. மொத ரெண்டு மூணு வருஷத்துல தாக்குப் பிடிக்க முடியாம விட்டுட்டுப் போறவங்க அதிகம்.

கியோஆனி இங்கதான் வேற வழில போனாங்க. ஆளுங்கள நிரந்தர வேலைல எடுத்து மாசச் சம்பளம் குடுத்தாங்க. இத நான் ஏதோ தர்ம காரியமாச் சொல்லல, தொழிலா யோசிச்சுப் பாருங்க. பீஸ் ரேட்ல இருக்கிற பொண்ணு ஒரு கை எழும்பற எட்டு படத்துல ஒண்ணு கோணலா வந்துடுச்சுன்னா திருப்பி வரைய மாட்டா, வரைஞ்சா அன்னைக்கு அவளுக்கு நஷ்டம். மாசச் சம்பளத்துல இருக்கிறவ அத அழிச்சிட்டு மறுபடி வரைவா, பக்கத்து டேபிள்ல இருக்கிற சீனியர்கிட்ட எந்திரிச்சுப் போய் எங்க தப்புன்னு கேப்பா, அவரும் அரை மணி நேரம் உக்காந்து சொல்லித் தருவார், ஏன்னா அந்த அரை மணிக்கு அவருக்கும் காசு போறதில்ல. வரையறது, பின்னணி ஓவியம், கலர், கடைசில எல்லாத்தையும் ஒண்ணாச் சேர்த்து ஷூட் பண்றது எல்லாமே பெரும்பாலும் கம்பெனிக்குள்ளயே. அவங்களே பயிற்சிப் பள்ளி ஒண்ணு வெச்சு அதுல தேறினவங்களயும் எடுத்துக்கிட்டாங்க. சவுண்ட் யூஃபோனியம்னு 2015ல ஒரு தொடர் செஞ்சாங்க, ஸ்கூல் பேண்டு வாசிக்கிற பிள்ளைங்க கதை, அவங்க உஜி ஊர்லயே நடக்கும், அதுல வாசிக்கிற கைய மட்டும் பொண்ணோட உக்காந்து ஒரு தடவ பாருங்க, ஒவ்வொரு விரலும் எவ்வளவு கவனிச்சு வரைஞ்சிருக்காங்கன்னு உங்களுக்கே தெரியும்.

ஒரு கம்பெனி நல்லதா இல்லையான்னு பாக்க எங்கிட்ட ஒரே கேள்விதாங்க்கா. புதுசா வந்த பிள்ளைக்கு அங்க யார் சொல்லித் தர்றாங்க, அது கத்துக்கிற வரைக்கும் யார் சோறு போடறாங்க. ஐடி கம்பெனியா இருந்தாலும் ஆடிட்டர் ஆபீஸா இருந்தாலும் நான் கேக்கறது இதத்தான். கியோஆனில இதுக்குப் பதில் இருந்துச்சு. சொல்லித் தந்தவங்கள்ல பெரியவர் யோஷிஜி கிகாமி, வெளில பெரிய பெரிய படங்கள்ல வேலை செஞ்சிட்டு இங்க வந்தவர், ஒரு தலைமுறையே அவர் கைல வளந்துச்சுன்னு சொல்லலாம்.

இன்னொரு விஷயமும் உங்களுக்குப் புரியும். அடுத்தவன் பிராண்டுக்கு எத்தன லட்சம் பீஸ் தச்சாலும் பிராண்டு அவனோடது. அங்கயும் அப்படித்தான், டிவி, பதிப்பகம், பொம்மை கம்பெனின்னு பல பேர் சேந்து பணம் போடற கமிட்டி படத்துக்கு உரிமையாளரா இருக்கும், வரைஞ்சு குடுத்த ஸ்டூடியோவுக்குப் பல சமயம் செய்கூலியோட சரி. இத மாத்த கியோஆனி அவங்களே நாவல் போட்டி வெச்சாங்க, 2011ல சொந்தமா புத்தக வரிசையே ஆரம்பிச்சு அந்தக் கதைகளைப் படமாக்கினாங்க. 2014 போட்டில பெரும் பரிசு வாங்கின கதைதான் வயலட் எவர்கார்டன், உங்க பொண்ணு நோட்டுல இருக்கிற நீலக் கண்ணு பாதி அந்தக் கதைல வர்ற பொண்ணோடதுன்னு நெனக்கிறேன்.

அடுத்து சொல்லப் போறது கஷ்டமான விஷயம், ஆனா நெட்ல தேடினா நீங்களே பாத்துப் பயப்படுவீங்க, அதனால நானே சொல்லிடறேன். 2019 ஜூலை 18, காலைல பத்தரை மணிக்கு ஒருத்தன் முதல் ஸ்டூடியோக்குள்ள பெட்ரோல ஊத்தித் தீ வெச்சுட்டான். கட்டடத்துல 70 பேர் இருந்தாங்க, 36 பேர் போயிட்டாங்க. கிகாமி போயிட்டார், டைரக்டர் யாசுஹிரோ தாகேமோட்டோ போயிட்டார், வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்கூட முடியாத பிள்ளைங்க போச்சு. அந்த வருஷமே செப்டம்பர்ல வந்த வயலட் எவர்கார்டன் படத்துல வேலை செஞ்ச எல்லார் பேரயும் போட்டாங்க, ஒரு வருஷம் முடியாத புதுசுங்க பேரப் போடறது அங்க வழக்கமில்ல, அந்தத் தடவ போட்டாங்க. எனக்கு இத எழுதும்போதே கை ஓடலைங்க்கா, அதுல ஒவ்வொரு பேருக்கும் பின்னால உங்கள மாதிரி ஒரு அம்மா, இது என்ன வேலைன்னு பயந்து அப்புறம் சரின்னு அனுப்பி வெச்சவங்க இருந்திருப்பாங்க.

அவங்க மூடல. 2020 செப்டம்பர்ல அடுத்த படம் வந்துச்சு, 2021ல மறுபடி டிவி தொடர். தப்பிச்சவங்க, அடிபட்டுத் தேறி வந்தவங்க, புதுசா எடுத்தவங்க சேர்ந்து செஞ்சாங்க. ஆளுங்களயும் கட்டடத்தயும் காகிதத்தயும் தீ எடுத்துச்சு, ஆனா கிகாமிகிட்ட உக்காந்து கத்துக்கிட்டவங்க கைல அந்த வேலை மிச்சமிருந்துச்சு.

சரி, உங்க வீட்டுக்கு வருவோம். பொண்ணு நேரா அந்தக் கம்பெனிக்குள்ள போயிடுவாளான்னா, அது ரொம்பக் கஷ்டம், மறைக்க மாட்டேன். அங்க வேலை முழுக்க ஜப்பானிய மொழில, போட்டி போடறது அந்த ஊர்ப் பிள்ளைங்களோட. ஆனா வழியே இல்லாம இல்ல. மொழி மொதல்ல, ஜே.எல்.பி.டி.ன்னு பரீட்சை, என் 5ல தொடங்கி என் 1 வரைக்கும், சென்னைலயே எழுதலாம், ஆபீஸ்ல ஒப்பேத்தவே என் 2 ஆவது வேணும், நிதானமாப் படிச்சா மூணு நாலு வருஷம் ஆகும். டிகிரி விடவே கூடாது, ஜப்பான்ல வேலை விசாவுக்கு டிகிரியோ அங்கயே படிச்ச தொழிற்பள்ளி டிப்ளமாவோ இல்லாம அல்லாட வேண்டி வரும். இங்க சென்னை எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரில அனிமேஷனுக்கு டிகிரி இருக்கு, அரசு கவின்கலைக் கல்லூரி இருக்கு, ரெண்டுமே அரசுக் கல்லூரி, ஃபீஸ் உங்களுக்குத் தாங்கும். அகமதாபாத்ல நேஷனல் இன்ஸ்டிடியூட் ஆஃப் டிசைன் நுழைவுத் தேர்வு எழுதிப் பாக்கட்டும், கிடைச்சா கண்ண மூடிட்டுச் சேத்துடுங்க. அங்கயே போய்ப் படிக்கணும்னா ஜப்பான் அரசோட மெக்ஸ்ட் ஸ்காலர்ஷிப்ப ஜப்பான் தூதரகம் மூலமா போடலாம், கியோட்டோ செய்கா பல்கலைக்கழகத்துல மங்கான்னு சொல்ற ஜப்பானிய காமிக்ஸுக்குன்னே தனிப் பிரிவு இருக்கு. சொந்தக் காசுல அனுப்பி, பார்ட் டைம் பாத்து சமாளிச்சுக்குவான்னு மட்டும் கணக்குப் போடாதீங்க, ஸ்டூடன்ட் விசால காலேஜ் நடக்கிற நாள்ல வாரத்துக்கு 28 மணி நேரத்துக்கு மேல வேலை செய்யக் கூடாது.

சாஃப்ட்வேர் சொல்லித் தர்றோம், நூறு சதவீதம் வேலைன்னு போர்டு வெச்சிருக்கிற எடத்துல லட்சக் கணக்குல கட்டிடாதீங்க. எங்கிட்ட வந்த ஒரு பையனோட அப்பா கடன் வாங்கிக் கட்டினார், ரெண்டு வருஷம் பூரா சாஃப்ட்வேர் பட்டன்தான் சொல்லித் தந்தாங்க, ஒரு தடவகூட ஒரு ஆள எதிர்ல உக்கார வெச்சு வரையச் சொல்லல. இன்டர்வியூல பேப்பரக் குடுத்து ஒருத்தர் நாற்காலில இருந்து எழற மாதிரி வரைன்னாங்க, அந்தப் பையனுக்கு முழங்கால் எங்க மடங்கும்னு தெரியல. இன்னும் அந்தக் கடன் முடியலைங்க.

அதனால இப்ப சிஏவா அனிமேஷனான்னு சண்டை போட வேண்டாம். பிளஸ் டூ பரீட்சை முடியட்டும், அதுக்கப்புறம் முப்பது நாள் குடுங்க. அந்த முப்பது நாளும் கண்ணே வரையக் கூடாதுன்னு நான் சொன்னதாச் சொல்லுங்க. உங்க மாமியார் திண்ணைல இருந்து கைய ஊணி எந்திரிக்கிறாங்க இல்ல, அத எட்டு படமா வரையட்டும், மறுநாள் அதையே திருப்பி வரையட்டும், அண்ணன் வண்டிய ஸ்டாண்டு போடறது, நீங்க துணியை உதறிக் கொடில போடறது. ஒரு நாள் விடாம முப்பது நாளும் வரைஞ்சா அந்த நோட்டோட அவளக் கூட்டிட்டு வாங்க, நான் எந்தக் காலேஜ் எந்தத் தேதின்னு உக்காந்து எழுதித் தர்றேன். பத்தாவது நாளே விட்டுட்டான்னாலும் திட்டாதீங்க, அப்பவும் கூட்டிட்டு வாங்க, வேற பேசலாம். இப்போதைக்கு அவளச் சாப்பிட வையுங்க.