ஒரேஞ்ச் சங்கம் ரொறன்ரோவை எப்படிப் பிடித்து வைத்திருந்தது?

கேள்வி: ரொறன்ரோவை முன்பு, வட அயர்லாந்துத் தலைநகரை வைத்து, "கனடாவின் பெல்பாஸ்ட்" என்பார்களாமே? அதற்குக் காரணமான ஒரேஞ்ச் சங்கம் மத அமைப்பா, அரசியல் கட்சியா?

பெயருக்குப் புரட்டஸ்தாந்து மத அமைப்பு, தேர்தல் வந்தால் கட்சி. ஆனால் இந்த ஊரில் அது நூறு வருடத்துக்கு மேல் தாக்குப்பிடித்தது வேலையால்தான். மாநகர சபையில், பொலிஸில், தீயணைப்பில் யாருக்கு இடம் என்பதில் சங்கத்தின் சொல் எடுபட்டது. மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான் என்பது என் கணிப்பு.

அயர்லாந்துக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1690இல் பொயின் ஆற்றங்கரையில் புரட்டஸ்தாந்து மன்னர் மூன்றாம் வில்லியம், கத்தோலிக்கரான இரண்டாம் ஜேம்ஸைத் தோற்கடித்தார். வில்லியம் ஒரேஞ்ச் வம்சத்தவர். நூறு வருடம் கழித்து, 1795இல், அர்மா பகுதியில் இரு மதத்தாரும் மோதிக்கொண்ட கையோடு அவர் பெயரில் சங்கம் பிறந்தது. ஜூலை 12 ஊர்வலம் அந்த வெற்றியைக் கொண்டாடத்தான்.

கனடாவில் அதைத் தேசிய அளவில் கட்டியவர் ஓகல் கோவன், 1830இல், புரொக்வில் என்ற சிறு நகரில். வட அயர்லாந்துப் பக்கமான அல்ஸ்ரரிலிருந்து கப்பலில் வந்து இறங்கியவர், ஊர்க் கிளை கொடுத்த சான்றிதழை இங்குள்ள கிளையில் நீட்டினால் போதும், அன்றைக்கே சகோதரர். தங்க இடம் விசாரித்துச் சொல்வார்கள், வேலைக்கு ஒரு வார்த்தை போடுவார்கள், நோயில் விழுந்தால் உதவிப் பணம், செத்தால் நல்லடக்கம். நம்மவர்கள் ஸ்காபரோவில் ஊர்ச் சங்கமும் பழைய மாணவர் சங்கமும் நடத்துகிறார்களே, அவற்றின் கையில் நகரசபை வேலைகளையும் கொடுத்துப் பாருங்கள், கிட்டத்தட்ட அதுதான். ஐரிஷ்காரராக இருக்க வேண்டும் என்றில்லை. ஆங்கிலேயர், ஸ்கொட்லாந்துக்காரர், ஏன், ஒன்ராறியோவின் ரையன்டினேகாவில் மோஹோக் பூர்வகுடிகளின் கிளையே இருந்தது. கத்தோலிக்கருக்குக் கதவு மூடியிருந்தது. கத்தோலிக்கப் பெண்ணைக் கட்டினால் உறுப்பினருக்கும் மூடிவிடும்.

கதவு மூடியிருந்தால் ஊர் எப்படி நடக்கும் என்பதற்கு 1855 ஜூலையில் நடந்த கூத்து ஒன்றே போதும். அமெரிக்க சர்க்கஸ் ஒன்று ஊருக்கு வந்திருந்தது. இரவு ஒரு விபசார விடுதியில் சர்க்கஸ் கோமாளிகளுக்கும் தீயணைப்புக்காரருக்கும் கைகலப்பு. கூடாரம் அடித்து, யானை கட்டிப் பிழைக்கிற ஆட்கள் அல்லவா, கோமாளிகள் நன்றாகவே அடித்து நொறுக்கிவிட்டார்கள். அடி வாங்கியவர்கள் ஒரேஞ்ச் ஆட்கள். மறுநாள் ஒரு கும்பல் சர்க்கஸ் மைதானத்துக்குள் புகுந்து வண்டிகளைக் கவிழ்த்தது, கூடாரத்தைச் சாய்த்தது. பொலிஸ் பார்த்துக்கொண்டு நின்றது. கடைசியில் மேயர் இராணுவத்தைக் கூப்பிட வேண்டி வந்தது. வழக்கு வந்தபோது பொலிஸ்காரருக்கு யார் முகமும் ஞாபகமில்லை! அவர்களும் அதே சங்கத்தார், கும்பலில் இருந்தவர்கள் சகோதரர்கள். இப்படிப்பட்ட சம்பவங்கள் சேர்ந்துதான் 1859இல் மொத்தப் பொலிஸ் படையையும் கலைத்துவிட்டுப் புதிதாக ஆள் எடுத்தார்கள். புதிய படையிலும் ஒரேஞ்ச்காரருக்குக் குறைவில்லை என்பது வேறு விஷயம்.

அரசியல் இன்னும் சுவாரசியம். முதல் பிரதமர் ஜோன் ஏ. மக்டொனால்ட் இந்தச் சங்கத்து உறுப்பினர். ஆனால் அவர் கட்சி நின்றது கியூபெக் கத்தோலிக்கரின் வாக்கிலும்தான். போப்பைத் திட்டுகிறவனும் போப்பைக் கும்பிடுகிறவனும் ஒரே கட்சியில்! 1870இல் செந்நதிக் குடியிருப்பில் (இன்றைய மனிரோபா), பிரெஞ்சு பேசும் கத்தோலிக்கக் கலகத் தலைவர் லூயி ரியேலின் ஆட்கள் தொமஸ் ஸ்கொட் என்ற ஒரேஞ்ச்காரரைச் சுட்டுக் கொன்றதும் அந்தக் கூட்டு ஆட்டம் கண்டது. ஒன்ராறியோ பழிவாங்கச் சொன்னது, கியூபெக் ரியேல் பக்கம் சாய்ந்தது. 1885இல் இன்னொரு கிளர்ச்சிக்காக ரியேலைத் தூக்கிலிட்டபோது மக்டொனால்ட் யாரைத் திருப்திப்படுத்தினார் என்று சொல்லத் தேவையில்லை.

எனக்குப் பிடித்த பாத்திரம் மக்கென்சி போவெல். சங்கத்தின் பெரிய தலைவராக இருந்து 1894இல் பிரதமரானவர். மனிரோபாவில் கத்தோலிக்கப் பள்ளிகளுக்கு நிறுத்திய உதவியைத் திருப்பிக் கொடுக்கும் சட்டத்தைக் கொண்டுவர முயன்றவர் அவரேதான். அவர் அமைச்சரவையிலேயே 7 பேர் ராஜினாமா செய்தார்கள். 1896இல் பதவி போனது. தலைவரே சொன்னாலும் கீழே உள்ளவர்கள் கேட்க மாட்டார்கள் என்று அப்போது தெரிந்தது.

பிரித்தானிய முடிக்கு விசுவாசம் என்று மூச்சுக்கு மூச்சு சொல்கிறவர்கள், 1860இல் பிரித்தானிய இளவரசர் வந்தபோது ஒன்ராறியோவின் கிங்ஸ்ரன் துறையில் ஒரேஞ்ச் சின்னங்களோடு நின்று அடம்பிடித்தார்கள். அதை அரச அங்கீகாரமாகக் காட்டிவிடுவார்கள் என்று பயந்து, இளவரசர் கரையிறங்காமலேயே போய்விட்டார்.

ரொறன்ரோவில் 19ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்து 1950கள் வரை மேயர்களில் பெரும்பாலானோர் இந்தச் சங்கத்தார்தான். 1954 ஜூலையில் மேயர் லெஸ்லி சோண்டர்ஸ் பொயின் வெற்றியைப் புகழ்ந்து மேயர் கடிதத்தாளிலேயே வாழ்த்து வெளியிட்டார். பத்து வருடம் முன்பு யாரும் கவனித்திருக்க மாட்டார்கள், அன்றைக்குப் பெரிய ரகளை ஆகிவிட்டது. அந்த வருடக் கடைசியில் நடந்த தேர்தலில் யூதரான நேதன் பிலிப்ஸ் அவரைத் தோற்கடித்தார். கடைசி ஒரேஞ்ச் மேயர் வில்லியம் டெனிசன், 1972இல் பதவியிலிருந்து போனார். போருக்குப் பின் வந்த இத்தாலியரும் போர்த்துக்கேயரும் ஊரின் முகத்தை மாற்றினார்கள் என்பார்கள். சரிதான். ஆனால் வேலையில்லாதோர் காப்புறுதியும் மருத்துவக் காப்புறுதியும் அரசாங்கம் கொடுக்கத் தொடங்கியதும், கிளைக்கு மாதச் சந்தா கட்டி என்ன கிடைக்கப் போகிறது? எனக்கு இதுதான் பெரிய காரணமாகப் படுகிறது.

ஒருமுறை இங்கே ஜூலை ஊர்வலத்தைப் பார்க்கப் போனேன். வெள்ளைக் குதிரையில் வில்லியம் வரைந்த பட்டுப் பதாகை, ஒரேஞ்ச் கழுத்துப் பட்டி, புல்லாங்குழல், மேளம். நடந்தவர்களில் பலர் தாத்தா வயது. பக்கத்தில் நின்ற பையன் என்னிடமே "இது என்ன ஊர்வலம்?" என்று கேட்டான்.

பெல்பாஸ்டை இதை வைத்து எடைபோட வேண்டாம். அங்கே 1921 முதல் 1972 வரை வட அயர்லாந்துப் பிரதமர்கள் 6 பேரும் சங்கத்தார். பிரிட்டனோடு சேர்ந்திருக்க விரும்பும் அல்ஸ்ரர் யூனியனிஸ்ட் கட்சிக்கும் சங்கத்துக்கும் இருந்த முறையான உறவு முறிந்ததே 2005இல்தான். வட அயர்லாந்தின் போர்ட்டடவுன் நகரில் கத்தோலிக்கர் வாழும் கர்வாஹி வீதி வழியாக ஊர்வலம் போக 1998 முதல் சங்கத்தாருக்கு அனுமதி இல்லை. அந்தத் தகராறு இன்னும் தீரவில்லை.