சிவாலிக் மலையில் கிடைத்த ராமபிதேகஸ் மனிதனின் மூதாதையா?

கேள்வி: பழைய போட்டித் தேர்வுப் புத்தகம் ஒன்றில், இமயமலை அடிவாரத்துச் சிவாலிக் குன்றுகளில் கிடைத்த ராமபிதேகஸ்தான் மனிதனின் முதல் மூதாதை என்று போட்டிருக்கிறது. உண்மையா?

இல்லை. தேர்வில் அப்படி எழுதிவிடாதீர்கள். ஆனால் புத்தகம் போட்டவரை மட்டும் திட்டவும் முடியாது. ஒரு காலத்தில் பெரிய பெரிய ஆய்வாளர்களே அப்படித்தான் நம்பினார்கள்.

இமாச்சலப் பிரதேசத்தின் பிலாஸ்பூர் மாவட்டத்தில் ஹரிதல்யாங்கர் என்று ஓர் ஊர். ஜி. எட்வர்ட் லூயிஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் 1932இல் அங்கே ஒரு மேல்தாடைத் துண்டைக் கண்டெடுத்தார். 1934இல் அதற்கு ராமபிதேகஸ் என்று பெயர் வைத்தார். அந்தப் பக்கத்தில் கிடைத்த வேறு துண்டுகளுக்கு பிரம்மபிதேகஸ், சுக்ரீவபிதேகஸ் என்றும் வைத்தார். இன்னும் நாலு தாடை கிடைத்திருந்தால் கிஷ்கிந்தையையே முடித்திருப்பார்.

1960களில் எல்வின் சைமன்ஸும் டேவிட் பில்பீமும் அந்தத் துண்டை மறுபடி கையில் எடுத்தார்கள். கோரைப்பல் சிறியதாக இருந்திருக்க வேண்டும், கடைவாய்ப் பற்களின் எனாமல் தடிமன், பல்வரிசை நம்முடையது போல வளைந்து போகிறது, ஆகவே இது மனித வழி என்றார்கள். சிக்கல் அந்த வளைவில்தான். கிடைத்தது வலப்பக்கத் தாடை மட்டும். இடப்பக்கம் இல்லை, அண்ணத்தின் நடுக்கோடும் இல்லை. அப்படியிருக்க, மறுபாதியை எவ்வளவு சாய்த்து வைப்பது என்பது வைக்கிறவர் விருப்பம். கொஞ்சம் விரித்து வைத்தால் மனிதன், நேராக வைத்தால் குரங்கு.

1967இல் வின்சென்ட் சாரிச், ஆலன் வில்சன் என்ற இருவர் எலும்பைத் தொடாமலே இதில் குறுக்கே வந்தார்கள். ரத்தத்திலுள்ள அல்புமின் புரதத்தை ஒப்பிட்டு, மனிதனும் ஆப்பிரிக்க வாலில்லாக் குரங்குகளும் பிரிந்து சுமார் 50 லட்சம் ஆண்டுகள்தான் ஆகின்றன என்றார்கள். ராமபிதேகஸோ ஒரு கோடி ஆண்டுகளுக்கும் முந்தையது என்று சொல்லப்பட்டது. மனித வழி பிரிவதற்கு முன்பே, அந்த வழிக்கு மட்டுமான மூதாதை எப்படித் தனியாக இருக்க முடியும்? எலும்பு ஆய்வாளர்கள் பலர் இதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை.

அப்புறம் 1980இல் பாகிஸ்தானின் பொட்வார் பீடபூமியில், இதே சிவாலிக் பாறை அடுக்கில், பில்பீமின் குழுவுக்கே ஒரு முகம் கிடைத்தது. துண்டு துக்கடா இல்லை; கண்குழி, மூக்கு, தாடை எல்லாம் சேர்ந்த முகம், சிவபிதேகஸ் என்ற அழிந்துபோன வாலில்லாக் குரங்கினுடையது. கண்குழிகள் நெட்டையாக, ஒன்றுக்கொன்று நெருக்கமாக இருந்தன. பக்கவாட்டில் பார்த்தால் முகம் உட்குழிந்திருந்தது. அச்சு அசல் ஒராங்குட்டான் சாயல், மனித வழி இல்லை. 1982இல் அதை வெளியிட்ட பில்பீம் தன் பழைய கருத்தைக் கைவிட்டார். ராமபிதேகஸ் தனி இனம் இல்லை, சிவபிதேகஸிலேயே அடங்கும் என்று முடிவானது. இந்த விவகாரத்தில் எனக்கு மிகவும் பிடித்த ஆள் பில்பீம்தான்.

சிவாலிக்கில் இவ்வளவு எலும்பு எப்படி? அது இமயமலையே கொட்டிவைத்த மண். மலை உயர உயர, ஆறுகள் மணலையும் வண்டலையும் அரித்துவந்து அடிவாரத்தில் கொட்டின, 1.8 கோடி ஆண்டுகளாகப் பல கிலோமீட்டர் தடிமனுக்குச் சேர்ந்தது. ஆற்றோரம் செத்த விலங்குகள் சீக்கிரமே மூடப்பட்டன. பிறகு அந்த மண்ணே மடிந்து குன்றாக எழுந்தது. 14ஆம் நூற்றாண்டில் ஃபிரோஸ் ஷா துக்ளக் கால்வாய் வெட்டியபோதே ராட்சத எலும்புகள் வந்ததாக ஃபெரிஷ்டா எழுதிய வரலாற்றில் இருக்கிறது. 1830களில் சகாரன்பூர் தாவரத் தோட்டத்தைப் பார்த்துக்கொண்ட ஹியூ ஃபால்கனரும் கால்வாய்ப் பொறியாளர் காட்லியும் இங்கே தோண்டி, ஒட்டகச்சிவிங்கியின் உறவான சிவதீரியம், ராட்சத ஆமை என்று அடுக்கி, 1837இல் வொல்லாஸ்டன் பதக்கம் வாங்கினார்கள்.

சிவபிதேகஸ் சுமார் 80 லட்சம் ஆண்டுகளுக்கு முன் மறைந்துவிட்டது. அந்தச் சமயத்தில் மழை பருவத்துக்குப் பருவம் மாற ஆரம்பித்து, காடு போய்ப் புல்வெளி வந்ததை அந்தக் கால மண்ணிலுள்ள கார்பன் காட்டுகிறது. பழம் தின்னும் குரங்குக்குப் புல்வெளியில் என்ன வேலை?

சண்டிகர் பக்கம் மசோலில் 26 லட்சம் ஆண்டுப் பழமையான விலங்கு எலும்புகளில் கல்கருவியால் வெட்டிய தடம் இருப்பதாக 2016இல் ஒரு இந்திய-பிரெஞ்சுக் குழு சொன்னது. எனக்கு நம்பிக்கை வரவில்லை. மழை அரித்து வெளியே கிடந்தவற்றைப் பொறுக்கித்தான் அந்த முடிவு. உறுதியான தேதி வேண்டுமென்றால் சென்னைக்குப் பக்கத்தில் நம் அத்திரம்பாக்கம் இருக்கிறது. அடுக்கு கலையாமல் தோண்டி எடுத்த கைக்கோடரிகள், சுமார் 15 லட்சம் ஆண்டு.

நேரில் பார்க்க ஆசையிருந்தால் இமாச்சலத்தில் நாஹனுக்குப் பக்கத்தில் சுகேதி புதைபடிவப் பூங்காவுக்குப் போங்கள். 1974இல் திறந்தது. நான் போனபோது ஃபைபர் யானை முன்னால் செல்ஃபிக் கூட்டம்; அருங்காட்சியகத்தில் ஆளே இல்லை. அங்கிருந்த ஊழியர் ஒருவர் வெளியே ஓடைக்கரையில் ஒரு துண்டை எடுத்து நாக்கு நுனியில் வைத்துக் காட்டினார். ஒட்டிக்கொண்டது. எலும்பென்றால் நுண்துளைகள் ஈரத்தை இழுக்கும், வெறுங்கல் பெரும்பாலும் ஒட்டாது என்றார். பார்த்துவிட்டு அங்கேயே போட்டுவிடுங்கள், பையில் போட்டுக்கொண்டு வராதீர்கள்.