ஓ. வி. விஜயன்: கேட்டதும் சொன்னதும்

(மலையாள நாவலாசிரியர் ஓ. வி. விஜயனைப் பற்றி, பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறை, சித்தூர்ப் பக்கத்துத் தமிழ் வாசகர்கள் கேட்ட கேள்விகளுக்கு ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவரின் பதில்கள்)

வேலந்தாவளம் வாசகர்: மாஷே, 'கசாக்கின் இதிகாசம்' நாவலில் கசாக் கிராமத்துக்கு வாத்தியாராக வரும் ரவி, விஜயனேதானே?

இல்லை. 1956இல் பாலக்காட்டுப் பக்கத்துக் கிராமமான தஸ்ராக்கின் ஓராசிரியர் பள்ளியில் வேலை கிடைத்தது அவர் சகோதரிக்கு. இவர் கூடப் போய்த் தங்கியவர். மாற்றாந்தாயோடு ஏற்பட்ட உறவின் குற்றவுணர்வில் ஓடிவந்த ரவி, கற்பனை.

சித்தூர் வாசகி: கம்யூனிஸ்டாக இருந்தவர் குரு, ஆசிரமம் என்று போனது ஏன் சார்?

நல்ல கேள்விம்மா. கிராமத்துக்கு வரும் வாத்தியார், புரட்சி என்றுதான் நாவலைத் தொடங்கினார். 1958இல், சோவியத்தை எதிர்த்து நின்ற ஹங்கேரியின் முன்னாள் பிரதமர் இம்ரே நாகியைத் தூக்கிலிட்டார்கள். கட்சிமேல் இருந்த நம்பிக்கை உடைந்தது, கதையும் திசை மாறியது. புத்தகம் வந்தது 1969இல். உள்ளே ஒரு குட்டிக்கதை: இரண்டு உயிர்த்துளிகள், அக்கா தங்கை. அக்கா பச்சைப் பள்ளத்தாக்கிலேயே நின்று செண்பகமானாள். அவளை விட்டு மேலே நடந்துபோன தங்கை பெண்ணாகப் பிறந்து அங்கேயே பூப்பறிக்க வருகிறாள். 'என்னை மறந்துவிட்டாயே' என்கிறது மரம். 1987இல் வந்த 'குருசாகரம்' நாவல் இந்த ஏக்கத்தின் தொடர்ச்சி என்றே படிக்கிறேன். கட்சி மாறிய கதையாகச் சுருக்க வேண்டாம். நடுவில், 1985இல், அதிகாரத்தை நாறடித்த 'தர்மபுராணம்' நாவல் வேறு இருக்கிறது.

நாட்டுக்கல் வாசகர்: ரவி விஜயனேதானா?

முதல் பதிலைப் பாருங்கள்.

கொல்லங்கோடு வாசகர்: தஸ்ராக்கில் என்ன பார்க்கலாம்?

அவர் தங்கிய ஞாற்றுப்புரை என்ற வீடு நினைவிடமாக இருக்கிறது. ஆனால் கசாக்கைத் தேடிப் போகாதீர்கள், அது புத்தகத்தில்தான். எத்தனை தடவை சொன்னாலும் நாவலில் வரும் மைமுனாவின் வீடு எது என்று கேட்பவர்கள் குறையவில்லை.

கோவிந்தாபுரம் வாசகர்: கார்ட்டூன்?

சங்கர்ஸ் வீக்லி என்ற கேலிச்சித்திர வார இதழில் வரைந்தவர். அது தனிக்கச்சேரி, இன்னொரு நாள்.

எல்லப்பெட்டான்கோவில் வாசகர்: ரவி கடைசியில் தற்கொலைதானே செய்துகொள்கிறான்?

சரி, ஆரம்பித்தாச்சு. பாம்பை அவன் தேடிப் போகவில்லை. கசாக்கை விட்டுப் போக, கூமன்காவு என்ற இடத்தில் பஸ்ஸுக்கு நிற்கிறான், மழை. மண்கட்டிக்குள்ளிருந்து சின்னப் பாம்பு தலைநீட்டுகிறது.

அதே வாசகர்: கடிக்கக் காலை நீட்டிக் கொடுக்கிறானே! பொறுப்பில்லாதவன் மாஷே, பள்ளிக்கூடத்தையும் விட்டுவிட்டு...

சித்தூர் வாசகி: அண்ணா, பல் முளைக்கும் குழந்தையைக் கொஞ்சுவதுபோல அல்லவா பார்க்கிறான்? சாக நினைப்பவன் அப்படிக் கொஞ்சுவானா?

அம்மா சொல்வதுதான் என் கட்சியும். ஆனால் அண்ணன் சொல்லும் பொறுப்பின்மை பொய்யில்லை. கசாக் மனிதர்களான மொல்லாக்காவிடமும் அப்புக்கிளியிடமும் அவன் பட்ட கடன் அப்படியே நிற்கிறது. செத்தானா என்று விஜயன் எழுதவில்லை. பஸ்ஸுக்குக் காத்துக் கிடக்கிறான், அவ்வளவுதான். கடைசி இரண்டு பக்கத்தை மறுபடி படித்துவிட்டு வாங்க, அப்புறம் சண்டை போடலாம்.