கரடி வித்தை எங்கே போச்சு?

கேள்வி: என் சின்ன வயதில் தக்கலை, மார்த்தாண்டம் பக்கமெல்லாம் கரடி வித்தைக்காரர் வருவார். பேடி (பயம்) போகட்டும் என்று பிள்ளைகளைக் கரடி மேல் உட்கார வைப்பார்கள். கரடி முடித் தாயத்தும் கிடைக்கும். அந்தக் கலையை அழிய விட்டுவிட்டோமே, அரசு மறுபடி அனுமதிக்கக் கூடாதா? (ஒரு வாசகர், தக்கலை)

பதில்: வில்லுப்பாட்டுக்காரர் விரும்பி வில்லடிக்கிறார். கரடி விரும்பியா ஆடியது?

நம் காட்டுக் கரடிக்குப் பிழைப்பே மூக்கும் வாயும்தான். புற்றைத் தோண்டி, மண்ணை ஊதித் தள்ளி, கறையானை உறிஞ்சித் தின்னும். உறிஞ்ச வசதியாக மேல்வரிசையில் முன்பல் இரண்டு கிடையாது. அந்த மூக்கில்தான் பழுக்கக் காய்ச்சிய ஊசியால், மயக்க மருந்தும் இல்லாமல், துளை போட்டுக் கயிறு கோத்தார்கள். கோரைப்பல்லை உடைத்தார்கள். கயிற்றைச் சுண்டினால் வலி தாங்காமல் எழுந்து நிற்கும். நாம் கை தட்டினோம். குட்டி எப்படிக் கிடைத்தது என்கிறீர்களா? பெரும்பாலும் தாயைக் கொன்றுதான். உங்கள் பேடியை விடுங்கள், மேலே பிள்ளையைச் சுமந்து நின்றதே, அதன் பேடி?

அழிய விட்டோம் என்பதும் சரியில்லை, பாடுபட்டு நிறுத்தியது அது. வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 1972-லேயே வந்துவிட்டது. கரடியை வித்தை காட்டக் கூடாது என்று மத்திய அரசு தனியாகவும் ஆணை போட்டது. சர்க்கஸ்காரர்கள் வழக்குக்குப் போனார்கள். பக்கத்துக் கேரள உயர் நீதிமன்றம் 2000-இல் தடையை உறுதி செய்தது, மறு வருடம் உச்ச நீதிமன்றமும். ஆனாலும் ராஜு என்ற கரடி மீட்கப்பட்டு பெங்களூருப் பன்னேருகட்டா கரடி மீட்பு மையத்துக்கு வந்து, தெருவில் ஆடும் கரடி இனி இல்லை என்று அறிவிக்க 2009 டிசம்பர் ஆகிவிட்டது. ஏன் இவ்வளவு தாமதம்? வடக்கே தலைமுறை தலைமுறையாக இந்தத் தொழிலில் இருந்த கலந்தர் மக்களுக்கு வேறு சோறு கிடையாது. கரடியைப் பிடுங்கினால் இன்னொரு குட்டியை வாங்கத்தான் செய்வார்கள். கரடியை ஒப்படைத்தவர்களுக்குப் பிழைப்புக்கு முதல் போட்டுக் கொடுத்த பிறகுதான் விஷயம் நகர்ந்தது.

இன்று அவர்களில் சிலர் ஆட்டோ ஓட்டுகிறார்கள், சிலர் சின்னதாகக் கடை வைத்திருக்கிறார்கள், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். அவர்களை மறுபடி தெருவில் கயிறும் கையுமாக நிறுத்தத்தான் அனுமதி கேட்கிறீர்களா?