அமியோடரோன்: பெயருக்குள் இருக்கும் அயோடின்

வணக்கம் ஐயா,

நான் பட்டர்வொர்த்தில் தமிழ்ப்பள்ளி ஆசிரியை. என் அப்பாவுக்கு 71 வயது. இதயம் தாறுமாறாகத் துடிக்கிறது, ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்று சொல்லி ஒரு தனியார் மருத்துவமனையில் ‘கோர்டரோன்’ மாத்திரை கொடுத்தார்கள். செலவு கட்டுப்படியாகாமல் அரசாங்க மருத்துவமனைக்கு மாறினோம். அங்கே கொடுத்த பொட்டலத்தில் ‘அமியோடரோன்’ என்று இருந்தது. இரண்டும் வேறு வேறு மருந்து என்று நினைத்து அப்பா ஒரு வாரத்துக்கு மேல் இரண்டையும் போட்டுக்கொண்டிருந்திருக்கிறார். அண்ணன் கோலாலம்பூரிலிருந்து வந்தபோதுதான் கண்டுபிடித்தார். உடனே மருத்துவமனைக்குப் போய்ச் சொன்னோம். ஈ.சி.ஜி. எடுத்துப் பார்த்துவிட்டு, ஒன்றை மட்டும் தொடரச் சொன்னார்கள்.

இதற்குள் சித்தப்பா வாட்ஸ்அப்பில் “அந்த மாத்திரையில் அயோடின் இருக்கிறது, மீன், இறால், உப்பு எதுவும் ஆகாது” என்று அனுப்பிவிட்டார். அப்பா இப்போது மீன் குழம்பைக்கூடத் தொடுவதில்லை. அம்மா ரத்தக் கொதிப்புக்குச் சாப்பிடும் அம்லோடிபினும் இதுவும் ஒரே குடும்பமா என்றும் தெரியவில்லை. எங்கள் வட்டாரக் கோயிலின் மருத்துவ முகாமுக்காகத் தமிழில் ஒரு கையேடு தயாரிக்கிறோம். மருந்துப் பெயர்களையும் தமிழாக்க வேண்டும், இதற்கு ‘இதயச் சீராக்கி’ என்று வைக்கலாம் என்கிறார் குழுவில் ஒருவர். அமியோடரோன் என்ற சொல்லுக்கு உண்மையில் என்ன பொருள்?

வாசகி, பட்டர்வொர்த்

---

அன்புச் சகோதரிக்கு,

தெரிந்த உடனே அப்பாவை அழைத்துப் போய், நடந்ததை மறைக்காமல் சொன்னீர்களே, அதற்கு முதலில் என் நன்றி. பலர் டாக்டர் திட்டுவார் என்று பயந்து சொல்லாமலே இருந்துவிடுவார்கள். இந்த மருந்தில் அப்படி இருப்பது ஆபத்து. இது உடம்பின் கொழுப்பிலும் ஈரலிலும் நுரையீரலிலும் போய்ச் சேர்ந்து தங்குகிற மருந்து. நிறுத்திய பிறகு உடம்பில் இருக்கும் அளவு பாதியாகக் குறையவே பல வாரங்கள் ஆகும், சிலருக்கு மூன்று மாதத்துக்கும் மேல். ஆரம்பத்தில் உடம்பை நிரப்புவதற்காக டாக்டர்களே சில வாரங்களுக்கு அதிக அளவு கொடுத்து, பிறகு நாளுக்கு 200 மில்லிகிராம் என்று இறக்குவது வழக்கம். ஆனால் அந்த ஏற்ற இறக்கம் அவர்கள் கணக்கில் நடக்க வேண்டும். நமக்குத் தெரியாமல் இரட்டை அளவு மாதக்கணக்கில் ஓடினால் அதன் விலையை நுரையீரலும் ஈரலும் கொடுக்க வேண்டியிருக்கும்.

இப்போது பெயருக்கு வருகிறேன். அமியோடரோன் மூன்று துண்டுகளை ஒட்டிச் செய்த பெயர். ‘அம்’ என்பது அமின், நைட்ரஜன் கொண்ட ஒரு வேதித்தொகுதி. ‘அயோட்’ என்பது அயோடின். ‘அரோன்’ கூமரோன் என்ற பெயரின் வால். பென்சோஃபியூரான் என்று இன்று வேதியியலார் சொல்லும் வளைய வடிவ மூலக்கூறுக்குப் பழைய பெயர்தான் கூமரோன். தமிழ் எழுத்தில் எழுதும்போது ‘மியோட’ என்று கரைந்துபோவதால் நடுவில் இருக்கும் அயோடின் நம் கண்ணில் படுவதில்லை. ஒவ்வொரு மூலக்கூறிலும் இரண்டு அயோடின் அணுக்கள் இருக்கின்றன. எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் அயோடின்தான்.

இந்தப் பெயரில் இதயம் எங்கேயும் இல்லை என்பதைக் கவனியுங்கள். அதற்குக் காரணம் உண்டு. எகிப்தில் கெல்லா என்ற செடியின் விதையை நாட்டு வைத்தியத்தில் நெடுங்காலமாகப் பயன்படுத்தி வந்தார்கள். அதிலிருந்து எடுத்த கெல்லின் என்ற பொருள் நெஞ்சுவலியைத் தணிப்பதை 1940-களில் கெய்ரோவில் இருந்த அன்ரெப் என்ற உடலியல் ஆய்வாளர் கவனித்தார். அந்தத் தடத்தைப் பின்பற்றி 1960-களின் தொடக்கத்தில் பெல்ஜியத்தின் லபாஸ் நிறுவனம் உருவாக்கியதுதான் அமியோடரோன். அன்றைக்கு அது நெஞ்சுவலி மருந்து. துடிப்பைச் சீராக்கும் என்று யாருக்கும் தெரியாது. 1970-ல் ஆக்ஸ்ஃபோர்டில் வாகன் வில்லியம்ஸ் என்ற மருந்தியல் ஆய்வாளருடன் ஆய்வு செய்துகொண்டிருந்த பிரமா சிங் அந்தக் குணத்தைக் காட்டினார். அவர் பிஜியில் பிறந்த இந்திய வம்சாவளியினர். கரும்புத் தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப்போன அந்தத் தீவிலிருந்து ஒருவர் போய் இதைக் கண்டார் என்பது ரப்பர் தோட்டத்து வழிவந்த எனக்கு எப்போதும் பெருமையாகவே இருக்கிறது. பிறகு அர்ஜென்டினாவில் ரோசன்பாம் என்ற இதய மருத்துவர் நோயாளிகளுக்குக் கொடுத்துப் பலனை நிலைநாட்டினார். அமெரிக்கா ஒப்புதல் கொடுத்தது 1985-ல்தான்.

அதாவது, இந்தப் பெயர் மருந்து என்ன செய்கிறது என்று சொல்லவில்லை, எதனால் ஆனது என்றுதான் சொல்கிறது. இதற்குத் தம்பி முறையில் ட்ரோனடரோன் என்று ஒரு மருந்து 2009-ல் வந்தது. அதில் அயோடினை எடுத்துவிட்டார்கள். பெயரிலும் ‘அயோட்’ இல்லாமல் போய்விட்டது, ‘அரோன்’ மட்டும் நிற்கிறது. இப்படி உலகம் முழுவதற்கும் ஒரே பெயர் இருக்க வேண்டும் என்று உலகச் சுகாதார நிறுவனம் 1953 முதல் பொதுப்பெயர்ப் பட்டியல் வெளியிட்டு வருகிறது. இந்தப் பெயர் எந்தக் கம்பெனிக்கும் சொந்தமில்லை. கோர்டரோன் கம்பெனி வைத்த வணிகப் பெயர். ஒரே பொதுப்பெயருக்கு ஊருக்கு ஊர், கம்பெனிக்குக் கம்பெனி வணிகப் பெயர் மாறும்.

உங்கள் அப்பா ஏமாந்தது இந்த இடத்தில்தான், அவரைக் குறை சொல்ல முடியாது. வீட்டில் இருக்கும் தனியார் மருத்துவமனைப் பெட்டியை எடுத்துப் பாருங்கள். கோர்டரோன் என்பது பெரிய எழுத்தில் இருக்கும். அதன் கீழே சின்ன எழுத்தில் ‘அமியோடரோன் ஹைட்ரோகுளோரைடு 200 மி.கி.’ என்று இருக்கும். அரசாங்கப் பொட்டலத்தில் நோயாளி பெயர், தேதி, மருந்தின் பொதுப்பெயர், அளவு, கீழே மலாய் மொழியில் ‘1 பிஜி, 1 காலி செஹாரி’, அதாவது ஒரு மாத்திரை, நாளுக்கு ஒரு வேளை. ஒன்றில் பெரிதாக இருப்பது இன்னொன்றில் இல்லவே இல்லை. மாத்திரையின் நிறமும் கைகொடுக்காது. பின்னால் ஒட்டியிருக்கும் ‘ஹைட்ரோகுளோரைடு’ என்பதைப் பார்த்து இது வேறு மருந்தோ என்று கேட்பவர்கள் உண்டு. மருந்து கரைவதற்காகச் சேர்த்த உப்பு வடிவம் அது, மருந்து அதேதான்.

கோலாலம்பூரில் மருந்தகக் கவுண்டரில் நின்ற காலத்தில் ஒரு பாட்டி பிஸ்கட் டின்னைத் திறந்து என் முன்னால் கவிழ்த்தார். “இது ரத்தக் கொதிப்பு மாத்திரை, இது இனிப்பு நீர் மாத்திரை, இதுவும் ரத்தக் கொதிப்பு” என்று ஒவ்வொன்றாக விரலால் தள்ளிக் காட்டினார். நோயின் பெயரால் மாத்திரையைக் கூப்பிடுவது நம் வழக்கம். “இதுவும் ரத்தக் கொதிப்பு” என்ற இரண்டு அட்டைகளையும் திருப்பிப் பார்த்தேன். வேறு வேறு வணிகப் பெயர், உள்ளே இருந்தது ஒரே அம்லோடிபின். ‘இதயச் சீராக்கி’ என்ற பெயரை நான் எதிர்ப்பதற்கு இதுதான் காரணம். பிசோப்ரோலால், டிகாக்சின், சோடலால், ஃபிளெகெய்னைடு எல்லாமே துடிப்பைக் கட்டுப்படுத்தக் கொடுக்கிற மருந்துகள்தான். அத்தனைக்கும் அந்தத் தமிழ்ப் பெயர் பொருந்தும். கையேட்டைப் படித்த ஒரு முதியவர் அவசரப் பிரிவில் போய் “இதயச் சீராக்கி சாப்பிடுகிறேன்” என்று சொன்னால், அங்கே நிற்கும் மலாய்க்காரத் தாதிக்கோ சீன டாக்டருக்கோ என்ன புரியும்?

தமிழ் மேல் உள்ள பற்றால்தான் உங்கள் குழுவில் அவர் கேட்கிறார், எனக்குத் தெரியும். சீன மொழியில் பெயரை மொழிபெயர்த்துத்தானே வைத்திருக்கிறார்கள் என்றும் கேட்கலாம். உண்மைதான். மாண்டரினில் இதற்கு ‘ஆன் தியேன் தோங்’ என்று பெயர்: அமின், அயோடின், கீட்டோன் என்ற இன்னொரு வேதித்தொகுதி. மூன்றே எழுத்தில் வேதியியலைச் சொல்லிவிடுகிறார்கள். ஆனால் அது சீனாவின் மருந்துப் பெட்டியிலும் பாடப்புத்தகத்திலும் மருத்துவமனையிலும் ஒன்றுபோல் நிலைத்துவிட்ட பெயர். நாம் கோயில் கையேட்டுக்காக உருவாக்கும் பெயர் எந்தப் பெட்டியிலும் இருக்காது. ஆகவே பெயரைத் தமிழ் எழுத்தில் அப்படியே எழுதுங்கள். அதற்கான விளக்கத்தை நல்ல தமிழில், நம் வீட்டுப் பெரியவர்கள் பேசுகிற தமிழில் எழுதுங்கள். மொழிப்பற்றைக் காட்ட அங்கே எவ்வளவோ இடம் இருக்கிறது.

அம்லோடிபினுக்கும் இதற்கும் உறவு கிடையாது. காதில் ஒன்றுபோல் விழும் தொடக்கம் மட்டுமே. பெரும்பாலும் பெயரின் வாலைத்தான் பார்க்க வேண்டும். ‘டிபின்’ என்று முடிந்தால் ரத்தக் குழாயைத் தளர்த்தும் வகை, நிஃபெடிபின் அதன் உறவு. ‘ஓலால்’ என்று முடிந்தால் பீட்டா தடுப்பான், அதாவது இதயத் துடிப்பின் வேகத்தைக் குறைக்கும் வகை. இரண்டு மாத்திரையும் ஒரே வீட்டில் இருப்பதால் அம்மாவுடையதையும் அப்பாவுடையதையும் தனித்தனி டப்பாவில் வைத்துவிடுங்கள்.

சித்தப்பாவின் செய்தியில் பாதி சரி. அயோடின் இருக்கிறது. ஆனால் அதற்காக மீனை நிறுத்துவதில் ஒரு பயனும் இல்லை. வளர்ந்த ஒருவருக்கு நாளுக்குத் தேவையான அயோடின் 150 மைக்ரோகிராம். ஒரு 200 மி.கி. மாத்திரையில் இருப்பது சுமார் 75 மில்லிகிராம், தேவையைப்போல் 500 மடங்கு. அதில் உடம்புக்குள் தனியாகப் பிரிந்து வருவது ஆறு மில்லிகிராம் அளவுதான் என்றாலும், அதுவே 40 மடங்கு. இதற்கு முன்னால் ஒரு துண்டு கெம்போங் மீனில் இருப்பது கணக்கிலேயே வராது. இறால் ஒவ்வாமை வேறு சங்கதி. அது இறாலின் புரதத்தால் வருவது, அயோடினால் அல்ல. அப்பாவுக்கு அந்த ஒவ்வாமை இல்லையென்றால் இறால் சம்பலைக் கொடுங்கள். உப்பு மட்டும், இதயத்துக்காக டாக்டர் குறைக்கச் சொல்லியிருந்தால் குறைக்க வேண்டும். அதற்கும் அயோடினுக்கும் சம்பந்தமில்லை. கிரேப்ஃப்ரூட் சாறு இந்த மருந்தோடு ஆகாது. பம்பளிமாசு அதற்கு நெருங்கிய உறவு என்பதால் ஈப்போவிலிருந்து யாராவது வாங்கி வந்தால் மருந்தாளரைக் கேட்டுவிட்டுக் கொடுங்கள்.

நீங்கள் கவனம் வைக்க வேண்டியது கழுத்தில் இருக்கும் தைராய்டு சுரப்பியில். இத்தனை அயோடின் வந்து விழும்போது சிலருக்கு அது மந்தமாகிவிடும், சிலருக்கு வேகம் பிடித்துவிடும். மந்தமானால் அசதி, மலச்சிக்கல், காற்றாடிக் காற்று ஆகவில்லை, குளிர்கிறது, எடை ஏறுகிறது என்பார். வயதாகிவிட்டது என்று நாமும் விட்டுவிடுவோம். வேகம் பிடித்தால் மெலிவார், கை நடுங்கும், வேர்த்துக் கொட்டும். நம் ஊர் வெயிலில் வேர்வையை யார் கவனிக்கிறார்கள்? அதோடு படபடப்பும் திரும்ப வரும். பழைய நோய்தான் வந்துவிட்டது என்று வீட்டார் நினைப்பார்கள், காரணம் தைராய்டாக இருக்கும். இதற்காகத்தான் மருந்து தொடங்கும்போதும், பிறகு ஆறு மாதத்துக்கு ஒரு முறையும் தைராய்டுக்கும் ஈரலுக்கும் ரத்தம் எடுத்துப் பார்ப்பார்கள். அந்தத் தேதியைத் தவறவிடாதீர்கள். வறட்டு இருமலோ மூச்சுத்திணறலோ வந்தால் தேதி வரை காத்திருக்க வேண்டாம், உடனே போங்கள். வெயிலில் தோல் சீக்கிரம் எரியும், தைப்பூசத்துக்குப் பினாங்குத் தண்ணீர்மலைக்கு வந்தால் முழுக்கைச் சட்டையும் தொப்பியும் போட்டு அழைத்து வாருங்கள். இத்தனையும் படித்துவிட்டு பயந்து மாத்திரையை மட்டும் நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். ஆபத்தான துடிப்புக் கோளாறுகளில் பல உயிரைக் காப்பாற்றிய மருந்து இது.

ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்றால் ரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரினும் கொடுத்திருக்கலாம், நீங்கள் எழுதவில்லை. கொடுத்திருந்தால், அமியோடரோன் அதன் வேகத்தைக் கூட்டிவிடும், வார்ஃபரின் அளவைக் குறைத்து அடிக்கடி ரத்தம் பார்க்க வேண்டும். கொழுப்புக்குச் சிம்வாஸ்டாட்டின் சாப்பிட்டால் அதற்கும் நாளுக்கு 20 மில்லிகிராம் என்ற வரம்பு உண்டு. அப்பா சாப்பிடும் எல்லா மருந்தின் பொதுப்பெயரையும் ஒரே தாளில், ரோமன் எழுத்தில் ஒன்றும் தமிழில் ஒன்றுமாக எழுதி, அடையாள அட்டையோடு வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். தனியார் கிளினிக்குக்குப் போனாலும் அந்தத் தாளை நீட்ட வேண்டும்.

கையேடு அச்சுக்குப் போகும் முன் எனக்கு ஒரு படி அனுப்புங்கள். மருந்துப் பெயர்களின் எழுத்துக்கூட்டலை நான் சரிபார்த்துத் தருகிறேன். அப்பாவுக்கு வார்ஃபரின் உண்டா என்பதையும், தைராய்டுக்கு ரத்தம் எடுத்தார்களா என்பதையும் அந்தக் கடிதத்திலேயே எழுதுங்கள்.

அன்புடன்