வாசகர் கேள்வி பதில்: சுவரும் கல்லும் போதுமா?

கேள்வி: போர், படுகொலை பற்றிய நினைவுச் சின்னங்களில் பெரும்பாலும் வெறும் சுவரும் கல்லும்தான் இருக்கின்றன. நடந்த கொடுமையை அப்படியே காட்டாமல் விடுவது தப்பித்துக்கொள்வது ஆகாதா?

பதில்: நியாயமான கோபம்தான். ஆனால் நடந்ததை யாராவது மூடி மறைக்கிறார்களா, இல்லை எல்லோரும் தெரிந்தே மறந்துகொண்டிருக்கிறார்களா என்பதைப் பொறுத்துக் கலைஞரின் வேலை மாறுகிறது. 1943 வங்கப் பஞ்சத்தில் ஓவியர் சித்தபிரசாத் மிட்னாப்பூர் பகுதிக்குப் போய், எலும்பும் தோலுமாகக் கிடந்தவர்களைக் கறுப்பு மையில் வரைந்து, அவர்கள் யார், என்ன ஆனார்கள் என்றும் எழுதிவைத்தார். அது புத்தகமாக வந்ததும் பிரிட்டிஷ் அரசு பிரதிகளைப் பறித்து எரித்தது. அப்படிப்பட்ட நேரத்தில் குறியீடாக வரைந்து யாருக்கு என்ன பயன்? நேரடியாகத்தான் காட்டியாக வேண்டும்.

வாஷிங்டனில் 1982-இல் திறந்த வியட்நாம் போர் நினைவுச் சுவரின் கதை வேறு. அந்தப் போரை அமெரிக்கர்கள் ஏற்கெனவே தொலைக்காட்சியில் பார்த்துச் சலித்திருந்தார்கள். மாயா லின், அப்போது 21 வயது மாணவி, வீரர் சிலை எதுவும் இல்லாமல் பளபளக்கும் கறுப்புக் கிரானைட்டில் பெயர்களை மட்டும் பொறிக்கும்படி வடிவமைத்தார். 58,000-க்கும் மேற்பட்ட பெயர்கள், அகர வரிசையில் இல்லை, வீழ்ந்த நாளின் வரிசையில். அதனால் ஒருவர் பெயரைத் தேடிப் போனால் அதே நாளில் இறந்தவர்களும் பக்கத்திலேயே இருக்கிறார்கள், கல்லில் தேடுபவரின் முகமும் தெரிகிறது. அவமானச் சின்னம் என்று அன்றைக்குக் கடுமையாக எதிர்த்தார்கள். என்னைக் கேட்டால் அதன் குறை வேறு: அந்தப் போரில் லட்சக்கணக்கில் செத்த வியட்நாம் மக்களுக்கு அதில் இடமே இல்லை.

கேள்வி: சரி, நேரில் அனுபவிக்காதவர் அந்த வலியைப் படைக்கலாமா?

பதில்: படைக்கலாம், ஆனால் அனுபவித்தவரை வெறும் கருப்பொருளாக்கிவிட்டு அல்ல. கொலம்பியாவில் அரசோடு போரிட்டுவந்த கெரில்லாக்கள் ஒப்படைத்த ஆயுதங்களை உருக்கியபோது கம்பீரமான நினைவுத்தூண் ஒன்றைத்தான் பலரும் எதிர்பார்த்திருப்பார்கள். சிற்பி தோரிஸ் சல்சேதோ அந்த உலோகத்தைத் தரையாக்கினார், மிதித்து நடக்கத்தான் முடியும். போரில் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்கள் உலோகத் தகடுகளைச் சுத்தியலால் அடித்து நெளித்தார்கள், அந்த நெளிவுகளையே அச்சாக வைத்து 37 டன் ஆயுத உலோகத்தைத் தரைக்கற்களாக வார்த்தார்கள். 2018-இல் தலைநகர் பொகோட்டாவில் திறந்தது. அந்தப் பெண்களின் கதையைச் சல்சேதோ தன் வாயால் சொல்லவில்லை, அடிக்கும் வேலையை அவர்களிடமே கொடுத்தார். அதனால்தான் அதை நம்புகிறேன்.